தகுதிகாண் பருவ ஆணை தாமதமானால் பணிமூப்பும் போய்விடுமா?

இளந்தளிர்:

எல்லோருக்கும் வணக்கம். குரூப் 4 மூலம் தேர்வாகி 2021 பிப்ரவரி 8 அன்று இளநிலை உதவியாளராகப் பணியில் சேர்ந்தேன். அந்த ஆண்டு செப்டம்பர் முதல் ஒரு வருடம் மகப்பேறு விடுப்பு. அப்புறம் குழந்தைக்கு உடம்பு சரியில்லாதபோது நானும் படுத்துவிட்டதால் 12 நாள் மருத்துவ விடுப்பு. பவானிசாகரில் நடக்கும் அரசு ஊழியர் அடிப்படைப் பயிற்சிக்கு 2023 கடைசியில்தான் அழைத்தார்கள், போய் முடித்துவிட்டேன். துறைத் தேர்வுகளும் தேறியாச்சு.

இன்று வரை தகுதிகாண் பருவம் முடித்ததற்கான ஆணை வரவில்லை. கேட்கும்போதெல்லாம் "கோப்பு போயிருக்கு" என்பதுதான் பதில். போன வாரம் வரைவுப் பணிமூப்புப் பட்டியல் சுற்றுக்கு வந்தது. தேர்வாணையத் தரவரிசையில் எனக்குப் பின்னால் இருந்த 4 பேர் எனக்கு மேலே இருக்கிறார்கள். கேட்டதற்கு, "அவங்க 2023-லயே தகுதிகாண் பருவம் முடிச்சிட்டாங்க, நீங்க இன்னும் முடிக்கல, அதனால நீங்க ஜூனியர்" என்றார்கள். அந்த 4 பேரில் 2 பேர் உதவியாளர் பதவி உயர்வுக்கான பேனலிலும் (தகுதியானோர் பட்டியல்) வந்துவிட்டார்கள்.

ஆட்சேபணை தெரிவிக்க 15 நாள் கொடுத்திருக்கிறார்கள். அதில் 6 நாள் போய்விட்டது. பிள்ளை பெற்றதற்காகப் பணிமூப்பை இழக்க வேண்டுமா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழையகோப்பு:

அம்மா, நான் 34 வருடம் அமைச்சுப் பணியில் இருந்து கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவன். அதில் பாதிக் காலம் ஊழியர்களின் நியமனம், பதவி உயர்வு பார்க்கும் பணியமைப்புப் பிரிவு. முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். உங்கள் அலுவலகத்தில் இரண்டு தனித்தனி விஷயத்தை ஒன்றாகக் குழப்பியிருக்கிறார்கள். இந்தக் குழப்பத்தை நான் பல அலுவலகங்களில் பார்த்திருக்கிறேன், அதனால் எத்தனை பேருடைய பதவி உயர்வு தள்ளிப்போனது என்பதையும் பார்த்திருக்கிறேன்.

தகுதிகாண் பருவம் என்பது நீங்கள் இந்தப் பதவிக்குத் தகுதியானவரா என்று அரசு பார்த்துக்கொள்ளும் காலம். நேரடி நியமனத்துக்குப் பெரும்பாலான சிறப்பு விதிகளில் (அந்தந்தப் பணிக்கான தனி விதிகள்) "தொடர்ச்சியான 3 ஆண்டுகளுக்குள் பணியில் இருந்த காலம் 2 ஆண்டு" என்று இருக்கும். பதவி உயர்வில் போனால் 2 ஆண்டுக்குள் 1 ஆண்டு. இதில் "பணியில் இருந்த காலம்" என்ற சொல்தான் முக்கியம். தற்செயல் விடுப்பு தவிர மற்ற விடுப்புகளைக் கழித்துவிடுவார்கள். நீங்கள் சொன்ன தேதிகளை வைத்துப் பார்த்தால், ஒரு வருட மகப்பேறு விடுப்பைக் கழித்தால் 2024 பிப்ரவரி 7 அன்று சரியாக 3 வருடம் முடிகிறது, 2 வருடப் பணியும் அன்றுதான் முடிகிறது. அந்த 12 நாள் மருத்துவ விடுப்பால் 3 வருட எல்லையைத் தாண்டிவிட்டீர்கள். அப்படியானால் நியமன அலுவலர் தகுதிகாண் பருவத்தை நீட்டித்து ஓர் ஆணை போட வேண்டும். அந்த நீட்டிப்பு முன்மொழிவை யாரும் எழுதியிருக்க மாட்டார்கள், கோப்பு அங்கேதான் நின்றிருக்கும். போய்ப் பாருங்கள், அனேகமாக அதுவாகத்தான் இருக்கும்.

பணிமூப்பு வேறு. தேர்வாணையம் மூலம் வந்தவர்களுக்கு, தேர்வாணையம் தந்த தேர்ந்தோர் பட்டியலில் உள்ள தரவரிசைதான் பணிமூப்பு. பழைய பொது விதிகளில் இது விதி 35. ஒரே பட்டியலில் வந்தவர்களில் யார் முதல் நாள் சேர்ந்தார், யார் பத்து நாள் கழித்துச் சேர்ந்தார், யாருக்கு முதலில் தகுதிகாண் ஆணை வந்தது என்பதெல்லாம் வரிசையை மாற்றாது. தகுதிகாண் பருவம் முடித்த நாளை வைத்து அடுக்கினார்கள் என்றால் அந்தப் பட்டியல் தவறு.

ஆனால் பேனல் விஷயத்தில் உங்களுக்குச் சங்கடம் இருக்கிறது. பேனலுக்கான குறிப்பிட்ட நாளில் தகுதிகாண் பருவம் முடித்திருக்க வேண்டும். அன்று உங்கள் கையில் ஆணை இல்லையென்றால், நீங்கள் மூத்தவராக இருந்தாலும் உங்களைத் தாண்டிக் கீழே உள்ளவர் போவார். அதற்குத் தனியாகப் போராட வேண்டும்.

இளந்தளிர்:

ஐயா, மிக்க நன்றி. நீட்டிப்பு ஆணை என்று ஒன்று தேவை என்பதே எனக்கு இப்போதுதான் தெரிகிறது. 3 வருடமாக யாரும் சொல்லவில்லை.

நெய்தல்:

எதற்கு நீட்டிப்பு? 3 வருடம் தாண்டியும் சம்பளம் கொடுத்து வேலை வாங்கிக்கொண்டிருக்கிறார்கள். தானாகவே நிரந்தரமானவராகத்தான் கருத வேண்டும். எங்கள் சங்கத்தில் இதற்கு உச்ச நீதிமன்றத் தீர்ப்பே இருக்கிறது என்று சொன்னார்கள். தைரியமாக இருங்கள் சகோதரி.

கறுப்பங்கி:

நான் பணி வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர். நெய்தல் தோழர் சொல்வது பாதி உண்மை. இந்தப் பாதி உண்மையை நம்பிச் சும்மா இருந்து வழக்கில் தோற்றவர்களைப் பார்த்திருப்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

அவர் சொல்லும் தீர்ப்பு 1968-ஆம் ஆண்டின் தரம் சிங் வழக்காக இருக்கும். பஞ்சாப் கல்வித் துறை ஊழியர் தொடர்பானது. அங்கே இருந்த விதி, நீட்டிப்பையும் சேர்த்து மொத்தத் தகுதிகாண் காலம் 3 ஆண்டைத் தாண்டக் கூடாது என்று திட்டவட்டமாகச் சொன்னது. அதற்கு மேலும் அவரை வேலையில் வைத்திருந்தார்கள். தகுதிகாண் காலத்தை மேலும் நீட்டிக்க அதிகாரமே இல்லாதபோது, அவர் தகுதிகாண் ஊழியராகத் தொடர்ந்தார் என்று சொல்ல முடியாது. எனவே உறுதிப்படுத்தப்பட்டதாகவே கொள்ள வேண்டும் என்றது அரசியல் சாசன அமர்வு.

ஆனால் அதற்கு முன்பும் பின்பும் வேறு மாதிரித் தீர்ப்புகள் உண்டு. இவற்றையெல்லாம் வரிசைப்படுத்தி 2001-இல் சத்ய நாராயண் ஜாவர் வழக்கில் உச்ச நீதிமன்றம் மூன்று வகையாகப் பிரித்தது. விதியில் தகுதிகாண் காலம் சொல்லி, நீட்டிக்கும் அதிகாரமும் கொடுத்து, உச்ச வரம்பு வைக்காமல் விட்டிருந்தால், எத்தனை வருடம் தொடர்ந்தாலும் தானாக உறுதியாகாது. உச்ச வரம்பு வைத்து, அதற்கு மேல் நீட்டிக்கவே முடியாது என்றிருந்தால் தரம் சிங் வழக்குப்படி தானாக உறுதியாகும். மூன்றாவது வகைதான் பலர் காலை வாருவது: உச்ச வரம்பு இருந்தாலும், உறுதிப்படுத்தத் தனி ஆணை வேண்டும், தேர்வு தேற வேண்டும் என்று விதி ஏதாவது ஒரு செயலைக் கேட்டால், காலம் கடந்தது மட்டும் போதாது.

நம் மாநில விதிகளில் பயிற்சி, துறைத் தேர்வு, நியமன அலுவலரின் திருப்தி, நீட்டிக்கும் அதிகாரம் எல்லாமே இருக்கின்றன. அதனால் தரம் சிங்கை நம்பி உட்கார வேண்டாம். உங்கள் பதவிக்கான சிறப்பு விதியை எடுத்து, "நீட்டிப்பு" என்ற சொல் எங்கே வருகிறது, அதற்கு வரம்பு இருக்கிறதா என்று வரி வரியாகப் படியுங்கள்.

அப்புறம் பணிமூப்பு. பழையகோப்பு ஐயா சொன்னது விதிப்படி சரி. அதன் பின்னால் உள்ள சட்டமும் உறுதியானது. உறுதிப்படுத்திய நாளை வைத்துப் பணிமூப்பு நிர்ணயிப்பது ஒரு காலத்தில் நாடு முழுக்க இருந்த பழக்கம். 1977-இல் பட்வர்தன் வழக்கில், மகாராஷ்டிரம், குஜராத் மாநிலப் பொறியாளர்கள் விஷயத்தில், உச்ச நீதிமன்றம் அதைக் கடுமையாகக் கண்டித்தது. யாரை எப்போது உறுதிப்படுத்துகிறார்கள் என்பது அவருடைய திறமையைப் பொறுத்தும் இல்லை, காலியிடம் இருப்பதைப் பொறுத்தும் இல்லை, அப்படிப்பட்ட நிச்சயமில்லாத ஒன்றில் பணிமூப்பைத் தொங்கவிடக் கூடாது என்பது அதன் சாரம். 1990-இல் மகாராஷ்டிர நேரடி நியமனப் பொறியாளர்கள் சங்க வழக்கில் 5 நீதிபதிகள் அமர்வு இதை முடித்துவைத்தது: விதிப்படி நியமனம் ஆகிவிட்டால், பணிமூப்பு நியமன நாளிலிருந்துதான், உறுதிப்படுத்திய நாளிலிருந்து அல்ல.

சகோதரி, இந்த ஒரு வாக்கியத்தை உங்கள் ஆட்சேபணையில் கட்டாயம் சேருங்கள்.

நெய்தல்:

சரி, ஒப்புக்கொள்கிறேன். சங்கத்தில் அந்த மூன்றாவது வகையைப் பற்றி யாரும் சொன்னதில்லை. தவறாகத் தைரியம் கொடுத்துவிட்டேன், மன்னிக்கவும் சகோதரி.

ஆலங்கட்டி:

என் கேள்வி வேறு. நான் பழைய பொது விதி 10(ஏ)(1)-இல் தற்காலிகமாக 4 வருடம் வேலை பார்த்து, பிறகு முறைப்படித் தேர்வாகி அதே பதவியில் சேர்ந்தேன். அந்த 4 வருடம் பணிமூப்புக்கு வருமா? 1990 தீர்ப்பில் தொடர்ந்து பணியாற்றிய காலமும் சேரும் என்று எங்கோ படித்தேன்.

கறுப்பங்கி:

அந்தத் தீர்ப்பில் அடுத்தடுத்து இரண்டு கருத்து இருக்கிறது. தற்காலிகமாக, விதிக்குப் புறம்பாக, ஓர் இடைக்கால ஏற்பாடாகப் போட்டிருந்தால் அந்தக் காலம் சேராது என்பது முதல் கருத்தோடு ஒட்டிய துணைக் கருத்து. நியமன முறையில் குறை இருந்தாலும், பணி வரன்முறை செய்யும் (விதிப்படி முறைப்படுத்தும்) நாள்வரை இடைவெளியே இல்லாமல் தொடர்ந்திருந்தால் சேரும் என்பது அடுத்தது. பலர் இரண்டாவதை மட்டும் படிக்கிறார்கள். 10(ஏ)(1) என்பதே அவசரத்துக்குச் செய்யும் தற்காலிக நியமனம். நீங்களும் வரன்முறை ஆகவில்லை, புதிதாகத் தேர்வெழுதி வந்திருக்கிறீர்கள். அதனால் உங்கள் பணிமூப்பு புதிய தேர்வின் தரவரிசைதான். இதை நேராகச் சொல்வதே உங்களுக்கு நல்லது என்று நினைக்கிறேன்.

சாலைப்பூ:

இளந்தளிர் அக்கா, உங்கள் பதிவைப் படித்ததும் என் கதையையே படித்த மாதிரி இருந்தது. எனக்கும் மகப்பேறு விடுப்பால் தகுதிகாண் பருவம் ஒரு வருடம் தள்ளிப்போனது. கூடச் சேர்ந்த ஆண்கள் எல்லாரும் முடித்துவிட்டார்கள். 2021 ஜூலை முதல் விடுப்பை 9 மாதத்திலிருந்து 12 மாதமாக உயர்த்தியபோது சந்தோஷப்பட்டோம். ஆனால் விடுப்பு நீண்ட அளவுக்குத் தகுதிகாண் பருவமும் நீண்டது. ஒரு கையால் கொடுத்ததை இன்னொரு கையால் எடுத்துக்கொண்ட மாதிரி ஆகிவிட்டது.

ஆனால் 2025 ஏப்ரலில் சட்டப்பேரவையில் முதலமைச்சர், மகளிர் அரசு ஊழியர்களின் மகப்பேறு விடுப்புக் காலம் இனி தகுதிகாண் பருவத்துக்குக் கணக்கில் எடுத்துக்கொள்ளப்படும் என்று அறிவித்தார். நீங்கள் அதைக் கேட்டுப் பார்த்தீர்களா?

இளந்தளிர்:

கேட்டேன் தங்கச்சி. "அது புதுசா சேர்றவங்களுக்கு" என்று வாய்வார்த்தையாகச் சொன்னார்கள். எழுத்தில் எதுவும் இல்லை.

பழையகோப்பு:

வாய்வார்த்தையை ஒருநாளும் ஏற்காதீர்கள். அரசாணை நகலைக் கையில் வாங்கி, அது எந்த நாள் முதல் நடைமுறை என்று எழுதியிருக்கிறது, யாருக்குப் பொருந்தும் என்று எழுதியிருக்கிறது என்று நீங்களே படியுங்கள். உங்களுக்கு இன்னும் தகுதிகாண் ஆணையே வழங்கவில்லை என்பதை நினைவில் வையுங்கள். முடிந்துபோன விஷயத்தைத் திறக்கச் சொல்லவில்லை, நிலுவையில் இருக்கும் ஒன்றை இன்றைய ஆணையின்படி பரிசீலிக்கச் சொல்கிறீர்கள். இந்த வாதம் பலமானது. கோரிக்கையை ஒரு பத்தியாகத் தனியே எழுதுங்கள். மறுப்பதானால் காரணத்தோடு எழுத்தில் மறுக்கட்டும்.

அந்த ஆணை பொருந்தினால் 3 வருட எல்லைக்குள்ளேயே 2 வருடப் பணி வந்துவிடும். நீட்டிப்பே தேவைப்படாது. பவானிசாகர் பயிற்சியும் அந்த எல்லைக்குள்தானே முடித்திருக்கிறீர்கள்.

பயிற்சியைப் பற்றி ஒரு வார்த்தை. பயிற்சிக்கு எப்போது அழைப்பது என்பது அரசின் கையில் இருக்கிறது. ஊழியர் தானாகப் பேருந்து ஏறிப் போய் உட்கார முடியாது. அழைப்பு வராத காலத்துக்கு ஊழியரைக் குறை சொல்லிக் கோப்பில் எழுதுவதைப் பார்த்திருக்கிறேன். நான் பிரிவில் இருந்தபோது அப்படி எழுத ஒருபோதும் அனுமதித்ததில்லை. உங்களுக்கு அழைப்பு வந்த கடிதம், போகத் தயார் என்று நீங்கள் கொடுத்த விருப்பம் எல்லாவற்றையும் பத்திரமாக வையுங்கள்.

மலையோரம்:

பணிமூப்புக் கேள்வி ஒன்று என்னிடமும். நான் சொந்த விருப்பத்தில் வேறு மாவட்டத்துக்கு அலகு மாறுதல் வாங்கினேன். பெற்றோரைப் பார்த்துக்கொள்ள வேறு வழியில்லை. இப்போது என்னைப் பட்டியலில் கடைசியில் போட்டிருக்கிறார்கள். 7 வருட சர்வீஸ் வீணா?

கறுப்பங்கி:

பட்டியலில் கடைசி என்பது சரிதான். விருப்பத்தின் பேரில் வேறு பணிமூப்பு அலகுக்குப் போனால், அங்கே ஏற்கெனவே இருப்பவர்களுக்குக் கீழேதான். அவர்கள் வரிசையைக் குலைக்க முடியாது. ஆனால் சர்வீஸ் வீணாகவில்லை. 1998-இல் வி.எம். ஜோசப் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பிரித்துக் காட்டியது: மாறுதலால் பணிமூப்பு போகலாம், பழைய இடத்தில் செய்த பணி அழிந்துவிடாது. பதவி உயர்வுக்கு இத்தனை வருட அனுபவம் வேண்டும் என்று விதி கேட்டால், அந்த 7 வருடமும் கணக்கில் வரும்.

கவனித்தீர்களா, இளந்தளிர் சகோதரியின் பிரச்சினைக்கு இது நேர் எதிர்ப் பக்கம். உங்களுக்கு மூப்பு போனது, தகுதி இருக்கிறது. அவருக்கு மூப்பு இருக்கிறது, தகுதி ஆணை வரவில்லை.

மலையோரம்:

இப்படி யாரும் விளக்கியதில்லை. நன்றி சார்.

தனிவழி:

புதிய கணக்கிலிருந்து எழுதுகிறேன், காரணம் புரியும். தகுதிகாண் பருவத்தில் இருக்கிறேன். ஒரு புகார் வந்து, என்னிடம் குற்றச்சாட்டுக் குறிப்பாணை எதுவும் தராமல் தனியாக விசாரித்திருக்கிறார்கள். இப்போது "தகுதிகாண் பருவத்தில் உள்ளவரை எந்தக் காரணமும் சொல்லாமல் அனுப்பலாம், 17(பி) குற்றச்சாட்டு, விசாரணை எல்லாம் வேண்டியதில்லை" என்று பேசிக்கொள்கிறார்கள். நான் அந்தத் தவறைச் செய்யவில்லை. இரவு தூக்கம் இல்லை. உண்மையிலேயே அப்படி அனுப்ப முடியுமா?

கறுப்பங்கி:

தம்பி, பயப்பட வேண்டாம். பொறுமையாகப் படியுங்கள்.

தகுதிகாண் ஊழியருக்கு அந்தப் பதவியில் தொடரும் உரிமை இல்லை என்பது உண்மை. 1958-இன் தீங்ரா வழக்கிலிருந்து அதுதான் நிலை. வேலை திருப்தி இல்லை என்று விதிப்படி விடுவிக்கலாம். ஆனால் அதே தீர்ப்புதான், விடுவிப்பு தண்டனையாக இருந்தால் அரசியல் சாசனத்தின் 311-ஆவது பிரிவின் பாதுகாப்பு தகுதிகாண் ஊழியருக்கும் உண்டு என்றது. அப்போது குற்றச்சாட்டு கொடுத்து, விசாரித்து, பதில் சொல்ல வாய்ப்பு தந்த பிறகுதான் அனுப்ப முடியும்.

இரண்டையும் எப்படிப் பிரிப்பது? ஆணையின் வார்த்தை மட்டும் போதாது, உள்ளே இருப்பதைப் பார்க்க வேண்டும் என்றது 1974-இன் சம்ஷேர் சிங் வழக்கு, 7 நீதிபதிகள் அமர்வு. இதற்கு எனக்குப் பிடித்த உதாரணம் 1984-இன் அனூப் ஜெய்ஸ்வால் வழக்கு. அவர் ஐதராபாத் காவல் அகாடமியில் ஐ.பி.எஸ். பயிற்சியில் இருந்தவர். ஒரு மழை நாள் காலையில் பயிற்சி பெறுபவர்கள் உடற்பயிற்சிக்குத் தாமதமாக வந்தார்கள். இவர்தான் மற்றவர்களைத் தூண்டினார் என்று முடிவு செய்து, விசாரணை இல்லாமல், ஒரு குறையும் சொல்லாத சாதாரண விடுவிப்பு ஆணை கொடுத்தார்கள். உச்ச நீதிமன்றம் அந்த ஆணையின் திரையை விலக்கிப் பார்த்து, உண்மையான அடிப்படை அந்தக் குற்றச்சாட்டுதான் என்று கண்டு, ஆணையை ரத்து செய்து வேலையில் சேர்த்தது.

குற்றச்சாட்டு என்பது அதிகாரியின் மனதில் இருந்த தூண்டுதல் மட்டும்தானா, அல்லது ஆணைக்கே அடித்தளமா என்பதுதான் நீதிமன்றம் கேட்கும் கேள்வி. உங்களைக் கேட்காமல் உங்கள் முதுகுக்குப் பின்னால் விசாரித்து, குற்றம் செய்தார் என்று முடிவும் எழுதி, அதன் மேல் விடுவித்தால் அது அடித்தளம். பொதுவாக வேலைத்திறன் போதவில்லை என்று மதிப்பிட்டு அனுப்பினால் அது நிற்கும். ஆணையில் "திருப்தியில்லை" என்ற சொல் இருப்பது மட்டும் களங்கம் ஆகாது என்றும் தீர்ப்புகள் உண்டு, அதையும் தெரிந்துகொள்ளுங்கள்.

இப்போதைக்கு ராஜினாமா எழுதிக் கொடுக்காதீர்கள். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். உங்கள் வேலை பற்றி நல்லபடியாக வந்த குறிப்புகள், முடித்த கோப்புகளின் தன்பதிவேட்டு (நீங்கள் பார்த்த கோப்புகளைப் பதியும் ஏடு) நகல்கள் இருந்தால் எடுத்து வையுங்கள். ஆணை வந்தால் அன்றே ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள்.

தனிவழி:

கண் கலங்கிவிட்டது சார். இரண்டு வாரத்தில் முதல் தடவையாக ஒருவர் இதை எனக்குப் புரியும்படி சொல்கிறார்.

தில்லிக்கடிதம்:

மத்திய அரசில் இருப்பவன். எங்கள் பக்கம் எப்படி என்று சொன்னால் உங்கள் முறையீட்டில் ஒப்பிட உதவும். 1988-இலிருந்து நிரந்தரக் காலியிடம் இருக்கிறதா என்பதற்கும் உறுதிப்படுத்துவதற்கும் தொடர்பில்லை. நுழைவுப் பதவியில் ஒரே ஒருமுறை உறுதிப்படுத்துவார்கள், அவ்வளவுதான். தகுதிகாண் காலம் முடிந்து 8 வாரத்துக்குள் உறுதியா, நீட்டிப்பா என்று ஊழியருக்குச் சொல்லிவிட வேண்டும் என்றும், வழக்கமான காலத்தின் இரண்டு மடங்குக்கு மேல் நீட்டிக்கக் கூடாது என்றும் பணியாளர் துறை அறிவுரை இருக்கிறது. 1992 நவம்பரில் பணிமூப்பையும் உறுதிப்படுத்துதலையும் பிரித்து ஆணையே போட்டார்கள், மேலே சொன்ன 1990 தீர்ப்பின் விளைவுதான் அது.

பழையகோப்பு:

இது நல்ல தகவல். மாநிலத்துக்கு அந்த அறிவுரை கட்டாயமில்லை. ஆனாலும் நியாயமான அரசு எப்படி நடக்க வேண்டும் என்று காட்ட உதவும்.

முல்லைக்கொடி:

ஒரு சந்தேகம். தரவரிசையா, இனச்சுழற்சியா என்ற வழக்கு ஒன்று நடந்ததே? எங்கள் பட்டியலையே அதனால் மாற்றினார்கள். இளந்தளிர் பட்டியலிலும் அதுதான் காரணமோ?

கறுப்பங்கி:

அவர் அலுவலகம் சொன்ன காரணம் அதுவல்ல. ஆனாலும் சரிபார்க்க வேண்டிய விஷயம். 2016-இன் தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் (பணி நிபந்தனைகள்) சட்டத்தில், 40-ஆவது பிரிவு மூலம் இனச்சுழற்சிப் புள்ளியை வைத்துப் பணிமூப்பு நிர்ணயிக்க வழி செய்தார்கள். சென்னை உயர் நீதிமன்றம் 2019-இல் அதைச் செல்லாது என்றது. இனச்சுழற்சி என்பது இட ஒதுக்கீட்டின்படி யாருக்கு இடம் என்று தீர்மானிக்க; சேர்ந்த பிறகு அவர்களுக்குள் வரிசை தகுதி மதிப்பெண்படி. உச்ச நீதிமன்றம் 2003-இலேயே பிம்லேஷ் தன்வர் வழக்கில் சொன்னதுதான் இது. அதனால் எந்தப் பக்கம் பார்த்தாலும் அவருக்குத் தரவரிசைதான்.

இளந்தளிர்:

இன்று அலுவலகத்தில் கோப்பைப் பார்க்க அனுமதி கேட்டேன். பிரிவு எழுத்தர் நல்லவர், காட்டினார். பழையகோப்பு ஐயா சொன்னது அப்படியே! 2024 மார்ச்சில் ஒரு குறிப்பு எழுதியிருக்கிறார்கள், "12 நாள் குறைவு, நீட்டிப்பு தேவை" என்று. அதற்கு மேல் ஒரு வரிகூட இல்லை. கோப்பு அதே இடத்தில்தான் இருந்திருக்கிறது. "கோப்பு போயிருக்கு" என்று இவ்வளவு நாள் சொன்னது எங்கே போனதை என்று தெரியவில்லை. வெளியே வந்து சிறிது நேரம் அழுதேன்.

பழையகோப்பு:

அழாதீர்கள் அம்மா. இப்போது உங்கள் கையில் ஆதாரம் கிடைத்திருக்கிறது. அந்தக் குறிப்புப் பக்கத்தின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு இன்றே மனுப் போடுங்கள், 30 நாளில் தர வேண்டும். ஆட்சேபணை மனுவை அதற்காக நிறுத்தி வைக்காதீர்கள், அதற்கு இன்னும் 7 நாள்தான்.

இரண்டு மனு தனித்தனியாக எழுதுங்கள். ஒரே மனுவில் எல்லாவற்றையும் கொட்டினால், ஒன்றுக்கு பதில் சொல்லி மற்றதை விட்டுவிடுவார்கள். பணிமூப்பு மனுவில் இப்படி எழுதலாம்:

"பார்வையில் காணும் வரைவுப் பணிமூப்புப் பட்டியலில், தேர்வாணையத் தேர்ந்தோர் பட்டியலில் எனக்குக் கீழ் தரவரிசை பெற்ற நான்கு பணியாளர்கள் எனக்கு மேல் வைக்கப்பட்டுள்ளனர். தகுதிகாண் பருவம் முடித்த நாள் பணிமூப்பு நிர்ணயத்துக்கு அடிப்படை அல்ல. எனவே தேர்வாணையத் தரவரிசைப்படி எனது பெயரை உரிய இடத்தில் சேர்த்துப் பட்டியலைத் திருத்தி வெளியிடுமாறு பணிந்து கேட்டுக்கொள்கிறேன்."

இரண்டாவது மனு தகுதிகாண் பருவம் பற்றி. மகப்பேறு விடுப்பைக் கணக்கில் சேர்த்து உரிய நாளிலிருந்து ஆணை வழங்கக் கேளுங்கள். அது பொருந்தாது எனக் கருதினால், 12 நாள் நீட்டித்து 2024 பிப்ரவரியில் முடித்ததாக ஆணை கேளுங்கள் என்று மாற்றுக் கோரிக்கையும் வையுங்கள். பணிப்பதிவேட்டில் விடுப்புப் பதிவுகள் சரியாக இருக்கின்றனவா என்று முன்கூட்டியே பாருங்கள்.

இரண்டையும் அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

இளந்தளிர்:

ஐயா, ஏற்கெனவே பேனலில் போன அந்த 2 பேர்? ஆணை வந்தாலும் அவர்கள் உதவியாளராக எனக்கு மூத்தவர்கள்தானே?

கறுப்பங்கி:

அதற்கு மூன்றாவது மனு வரும், ஆனால் ஆணை கைக்கு வந்த பிறகு. உங்கள் தகுதிகாண் பருவம் பேனலின் குறிப்பிட்ட நாளுக்கு முன்பே முடிந்தது என்று முன்தேதியிட்டு ஆணை வந்தால், உங்கள் பெயர் விடுபட்டது அலுவலகத்தின் தவறாகிவிடும். அப்போது உங்களுக்கு இளையவர் உயர்வு பெற்ற நாளிலிருந்து உங்களுக்கும் நோஷனல் (கணக்குக்காக முன்தேதியிட்ட) பதவி உயர்வும், உதவியாளர் பதவியில் அவருக்கு மேல் இடமும் கேட்கலாம். வேலை பார்க்காத காலத்துக்கு ஊதியம் இல்லை என்பார்கள். ஊழியர் வேலை செய்யத் தயாராக இருந்தும் நிர்வாகமே தடுத்திருந்தால் அந்தக் கோட்பாடு பொருந்தாது என்று 1991-இன் ஜானகிராமன் தீர்ப்பில் இருக்கிறது. ஊதிய நிலுவை கிடைக்குமா என்பது வழக்குக்கு வழக்கு மாறும், ஆனால் கேளுங்கள்.

நீதிமன்றம் போக நேர்ந்தால், அந்த 4 பேரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவர்களைக் கேட்காமல் அவர்கள் இடத்தை மாற்ற எந்த நீதிமன்றமும் விரும்பாது. நண்பர்களாக இருப்பார்கள், கஷ்டமாக இருக்கும். முன்கூட்டியே அவர்களிடம் பேசிவிடுங்கள்.

எல்லாவற்றுக்கும் மேலே, காலம். 1975-இன் சதாசிவசாமி வழக்கு நம் மாநிலத்து வழக்குதான். தனக்கு இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்ததை 14 வருடம் கழித்து எதிர்த்தார். 6 மாதம், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள் வந்திருக்க வேண்டும் என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். பழைய விதி 35(எஃப்) பணிமூப்பைத் திருத்தக் கேட்க 3 வருடம் தருகிறது. ஆனால் அந்த 3 வருடத்தை நம்பித் தள்ளிப்போடாதீர்கள். அதற்குள் இன்னொரு பேனல் போய்விடும், இன்னும் நாலு பேர் மேலே போய்விடுவார்கள்.

இளந்தளிர்:

இரண்டு மனுவும் இன்று காலை தபால் பிரிவில் கொடுத்தேன். முத்திரை வாங்கினேன். தகவல் உரிமை மனுவும் போட்டுவிட்டேன். அந்த 4 பேரில் ஒருவர் என் பவானிசாகர் அறைத்தோழி. அவளிடம் நேரில் போய்ச் சொன்னேன். பட்டியலை வாங்கிப் பார்த்துவிட்டு, "தரவரிசையில நீ எனக்கு முன்னாடிதானே, எழுது" என்றாள். அரசாணை நகல் நாளை கிடைக்கும். நடைமுறை நாள் என்ன என்று பார்த்துவிட்டு இங்கேயே எழுதுகிறேன்.

பழையகோப்பு:

காத்திருக்கிறேன் அம்மா. மனு நகலில் தபால் எண் தெளிவாகத் தெரிகிறதா என்று ஒருமுறை பாருங்கள். மங்கலாக இருந்தால் நாளை போய்த் திரும்ப முத்திரை வாங்குங்கள்.